ஆஸ்திரேலியப் பெண்கள் ரக்பி லீக்கில் மாநிலப் போட்டி எப்படி வளர்ந்தது?

குயின்ஸ்லாந்தும் நியூ சவுத் வேல்ஸும் 1999இல் மோதத் தொடங்கின. அடுத்த பதினைந்து ஆண்டுக்கும் மேலாகக் கோப்பை குயின்ஸ்லாந்தை விட்டு நகரவே இல்லை. 2016இல்தான் நியூ சவுத் வேல்ஸ் 8-4 என முதன்முறையாகப் பறித்தது.

ஆண்கள் தொடருக்குரிய 'ஸ்டேட் ஆஃப் ஆரிஜின்' என்ற பெயர் பெண்களுக்கும் கிடைத்தது 2018இல். என்னைக் கேட்டால், அதுதான் பெரிய திருப்பம். ஆண்டுக்கு ஒரே ஆட்டம் என்பது 2023இல் இரண்டாகி, 2024இல் மூன்றானது.

அந்த 2024 தொடரின் இரண்டாம் ஆட்டத்தை அவசியம் பாருங்கள். நியூகாசிலில் 25,000க்கும் மேற்பட்டோர் திரண்டிருந்தார்கள். இரு பக்கமும் 10-10. கடைசி நிமிடங்களில் குயின்ஸ்லாந்து வீராங்கனை லாரன் பிரவுன் பந்தைத் தரையில் தட்டி உதைத்தார். கம்பங்களுக்கு நடுவே போனது. அந்த ஒற்றைப் புள்ளியில் குயின்ஸ்லாந்து வென்றது. தொடரும் பிறகு அவர்களுக்கே, 2-1.