அப்பா வேடம் என்றால் இளப்பமா?

கேள்வி: போன இதழில் போர்ச்சுக்கல் நடிகர் அந்தோனியோ சில்வாவைத் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடியிருந்தீர்கள். கடைக்காரர், தையல்காரர், கோபக்கார அப்பா, இவற்றை விட்டால் அவர் என்ன செய்தார்? காதல் நாயகனாகக்கூட நடிக்காதவரைப் போய் மகாநடிகர் என்கிறீர்களே?

பதில்: கடைக்காரரையும் தையல்காரரையும் ஒரே மூச்சில் சொல்லிவிட்டீர்கள். படங்களைப் பார்த்தவருக்கு அப்படிச் சொல்ல வாய் வராது.

சில்வா 1886-ல் லிஸ்பனில் பிறந்தவர். 1933-ல் 'லிஸ்பன் பாட்டு' படம் வந்தபோது அவருக்கு வயது 47. போர்ச்சுக்கல் மண்ணிலேயே முழுக்கத் தயாரான முதல் பேசும் படம் அது. அதற்கு முன் இருபது ஆண்டுகளுக்கு மேல் அவருக்குச் சோறு போட்டது மேடைதான். பிரேசில் வரை போய் நடித்திருக்கிறார். மனைவி ஜோசஃபினா சில்வாவும் நடிகை. லிஸ்பனில் 'ரெவிஷ்டா' என்று ஒரு மேடை வகை உண்டு. பாட்டு, ஆட்டம், நையாண்டித் துணுக்குகள் எல்லாம் கலந்தது. வந்து நிற்கிற ஆள் யார், அவனுக்கு என்ன குடைச்சல் என்பதைச் சில நிமிடங்களுக்குள் கொட்டகைக்குப் புரியவைக்க வேண்டும். தவறினால் அடுத்த துணுக்கு வந்து உங்களை மறக்கடித்துவிடும். சில்வாவின் வேகம் அங்கே பழகியது.

'லிஸ்பன் பாட்டு' படத்தில் அவர் தையல்காரர் கயித்தானு. படிக்காமல் ஊர் சுற்றும் மருத்துவ மாணவன் தன் மகளைக் காதலிப்பதைப் பார்த்துக் கொதிக்கிறவர். 1942-ல் வந்த 'பாட்டு முற்றம்' படத்தில் எவரிஸ்டோ என்ற கடைக்காரர். "எவரிஸ்டோ, இது உன்கிட்ட இருக்கா?" என்று கேலிக்குரல் கேட்டால் போதும், மனிதருக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். கயித்தானுவின் கோபத்தில் மகளைப் பெற்றவரின் கவலை இருக்கிறது. எவரிஸ்டோவின் கோபத்தில் இருப்பது தன்மானம் மட்டுமே. இரண்டும் ஒன்றா?

1947-ல் வந்த 'எஸ்ட்ரெலாவின் சிங்கம்' படத்தை அவசியம் பாருங்கள். படமே அவர் தோளில்தான் நிற்கிறது. ஸ்போர்ட்டிங் கால்பந்து அணிக்காக உயிரை விடும் அனஸ்தாசியு, ஒரு ஆட்டத்தைப் பார்க்கக் குடும்பத்தோடு போர்ட்டோ நகருக்குப் போகிறார். அங்கே ஒரு வசதியான வீட்டில், தாங்களும் பணக்காரர்கள் என்ற பாவனையில் தங்குகிறார்கள். பின்னால் அந்த வீட்டார் லிஸ்பனுக்கு வரும்போது பொய்யைக் காப்பாற்றியாக வேண்டும். இல்லாத வசதியை இருப்பதுபோல் காட்டுகிற நடுத்தரவர்க்க மனிதரின் பதற்றத்தைச் சில்வா கொஞ்சமும் கேவலப்படுத்தவில்லை. சிரிக்கிறோம், ஆனால் அவர் மாட்டிக்கொள்ளக் கூடாதே என்றும் தவிக்கிறோம். காதல் நாயகனுக்கு இந்த வேலை வைக்கப்படுவதே இல்லை.

போர்ச்சுக்கலை ஆண்ட சலாசாரின் சர்வாதிகார ஆட்சியில், தணிக்கைக்கு உட்பட்டு வந்த படங்கள் இவை. அரசியலைத் தொடாதவை என்ற குறை நியாயமானது. ஆனால் அந்தக் குறையை நடிகரின் கலை மீது ஏற்றக் கூடாது.

சரி, சிரிப்பு மட்டும்தானே என்பீர்கள். 1943-ல் வந்த 'அழிவின் காதல்' ஒரு துயரக் கதை. அதில் நாயகனுக்கு அடைக்கலம் தரும் லாடம் அடிப்பவர் ஜுவாவ் த குரூஸ் வேடம் சில்வாவுடையது.

அவர் 1971-ல் காலமானார். 2015-ல் 'பாட்டு முற்றம்' மறுபடி எடுக்கப்பட்டு உள்நாட்டுப் படங்களின் வசூலில் சாதனை படைத்தது. எவரிஸ்டோவாக நடித்தவர் மிகெல் கில்யெர்மி. எழுபத்து மூன்று ஆண்டுகள் கழித்தும் அந்தக் கடைக்காரர் இல்லாமல் அந்தக் கதையை எடுக்க யாருக்கும் மனம் வரவில்லை.