அந்த வீக்கம் யார் கைவேலை?

அன்புள்ள அக்கா,

'பாரசைட்' கொரியப் படத்தை மறுபடி பார்த்தேன். வீட்டுவேலை செய்யும் அம்மாளாக வரும் லீ ஜங்-உன்னுக்கு 49 வயதில்தான் அதிர்ஷ்டம் அடித்திருக்கிறது. படத்தில் மேக்கப்பே இல்லை, அதனால்தான் அவ்வளவு இயல்பு. நான் அழகுக்கலை படிக்கிறேன். சினிமா மேக்கப் கற்க சியோல் போகலாமா?

வி.

அன்புள்ள வி.,

சியோலைப் பிறகு பார்ப்போம். 'மேக்கப்பே இல்லை' என்பது அழகுக்கலை படிக்கிற பெண் எழுதுகிற வரியா? கொஞ்ச நாளாகவே என் மனதில் கிடந்த விஷயம் இது. திட்டினால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

மழை ராத்திரி, அழைப்பு மணி அடிக்கிறது. சுவரிலிருக்கும் சின்னத் திரையில் அந்த அம்மாள். வேலையை விட்டுப் போனபோது இருந்த முகம் இல்லை, கன்றி வீங்கியிருக்கிறது. யார் அடித்தது என்று படம் கடைசிவரை சொல்லவில்லை. நிலவறையில் ஒன்றை மறந்துவிட்டேன் என்று அந்த வாயோடு பணிவாகச் சிரித்துக் கேட்கிறார். நமக்கு வயிற்றைக் கலக்குகிறது.

அந்த வீக்கத்தை ஒருவர் உட்கார்ந்து செய்திருக்கிறார், அம்மா! திரையில் ஓடுவது ஒரே ராத்திரி. அதைப் பல நாள் எடுப்பார்கள். ஒவ்வொரு நாளும் முந்தின நாள் போட்டோவைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, அதே இடத்தில், அதே நிறத்தில், அதே அளவில் காயத்தைத் திரும்பப் போட வேண்டும். ஈரத்தில் கரையக் கூடாது. நடிகை வாயைக் கோணினால் விளிம்பு தூக்கக் கூடாது. கன்டினியூட்டி ஒரு நூல் பிசகினால் அந்தச் சிரிப்பு செத்தது. அதே படத்தில் குப்பைக்கூடை டிஷ்யூவில் சாஸைப் பிழிந்து ரத்தம் என்று காட்ட, முதலாளியம்மா நம்புகிறாரே, அந்தத் தந்திரம் உங்களுக்குத் தெரிந்தது. இது தெரியவில்லை. 'ட்ரெயின் டு பூசன்' படத்து ஜோம்பிகள் மட்டும்தான் மேக்கப் என்று நினைத்துவிட்டீர்கள்.

அதிர்ஷ்டம் என்றும் எழுதாதீர்கள். லீ 1991-இல் மேடையேறியவர். 2009-இல் 'மதர்' படத்தில் சின்ன வேடம். 2017-இல் 'ஓக்ஜா' படத்தில் வரும் பெரிய பன்றிக்குக் குரல் கொடுத்தார். முகம் தெரியாத வேலையையும் முழுசாகச் செய்தவருக்குத்தான் 2019-இல் கொரிய சினிமாவின் ப்ளூ டிராகன் துணைநடிகை விருது வந்தது. துணைநடிகரும் மேக்கப் கலைஞரும் எனக்கு ஒரே சாதி. இன்னொருவர் காட்சிக்காக உழைப்பவர்கள்.

சியோல் போவது உங்கள் வீட்டு வரவுசெலவைப் பொறுத்தது, அதில் நான் என்ன சொல்ல? முதலில் அந்தக் காட்சியை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள், கண்ணு. கன்றல் எங்கே முடிகிறது, தோல் நிறம் எங்கே தொடங்குகிறது என்று காகிதத்தில் வரைந்து எனக்கு அனுப்புங்கள்.