பையன் பேஸ்பால் கோச் ஆக வேண்டும் என்கிறான்

டல்லஸ் பக்கத்திலிருந்து எழுதியிருக்கிறீர்கள், ஐயா. மகன் பத்தாம் வகுப்பு முடிக்கப் போகிறான். பள்ளி அணியில் கேட்சர், அதாவது பந்து வீசும் பிட்சரை எதிர்நோக்கி உட்கார்ந்து பந்தைப் பிடிப்பவன். ஆள் பற்றாத நாளில் பந்தும் வீசுகிறான். ‘கொஞ்ச காலம் ப்ரோவாக (தொழில்முறையில்) ஆடுவேன், அப்புறம் கோச் ஆகிவிடுவேன்’ என்கிறானாம். இதை நம்பிப் படிப்பில் கோட்டை விட்டுவிடுவானோ என்பது உங்கள் கவலை.

கோச் வேலை நல்ல வேலைதான். தம்பியின் கணக்கில் ஒரு பிசகு இருக்கிறது. ஆடி முடித்தவனுக்குக் கோச் பதவி தானாக வந்து சேரும் என்று நினைக்கிறான். மட்டையைக் கீழே வைத்த மறுநாள் தொடங்குவது வேறொரு தொழில். அதில் எல்லோரும் அடிமட்டச் சம்பளத்தில், புதிய ஆளாகத்தான் சேருகிறார்கள். அதற்கான தயாரிப்பு ஆடிக்கொண்டிருக்கும்போதே நடந்திருக்க வேண்டும்.

2024, 2025 இரண்டு ஆண்டும் அமெரிக்காவின் உச்ச பேஸ்பால் போட்டியான மேஜர் லீகின் இரு பிரிவுகளிலும் சிறந்த மேனேஜர் விருதை வாங்கிய இருவரைப் பாருங்கள். (பேஸ்பாலில் அணியின் தலைமைக் கோச்சைத்தான் மேனேஜர் என்பார்கள். தம்பிக்குத் தெரியும், உங்களுக்காகச் சொல்கிறேன்.) அமெரிக்கன் லீகில் ஸ்டீபன் வோட். 2007 டிராஃப்டில் (புதிய ஆட்டக்காரர்களை அணிகள் முறைவைத்துத் தேர்ந்தெடுக்கும் நிகழ்வு) 12-ஆம் சுற்றில் எடுக்கப்பட்ட கேட்சர். மேஜர் லீகில் கால் வைக்கவே 27 வயதானது. அங்கும் முதல் 32 வாய்ப்பில் ஒரு ஹிட்கூட இல்லை. பிறகு இரண்டு முறை ஆல்-ஸ்டார் அணியில் இடம் பிடித்தார். 2022-ல் ஓய்வு, 2023-ல் சியாட்டில் அணியில் புல்பென் கோச் (மாற்றுப் பிட்சர்களைத் தயார்செய்பவர்), 2024-ல் கிளீவ்லண்ட் மேனேஜர். நேஷனல் லீகில் பாட் மர்பி. இவர் மேஜர் லீகில் ஒரு ஆட்டம்கூட ஆடியதில்லை. நோட்ர டேம், அரிசோனா ஸ்டேட் என்று இரண்டு பல்கலைக்கழக அணிகளை இருபது ஆண்டுக்கு மேல் நடத்தினார். பிறகு மேஜர் அணிகளுக்கு ஆள் தயார்செய்யும் கீழ்நிலைப் போட்டியான மைனர் லீக். அதன்பின் மில்வாக்கியில் கிரெய்க் கவுன்செலுக்கு உதவியாளர். அந்தக் கவுன்செல் கல்லூரியில் இவரிடமே ஆடிய மாணவர்! மில்வாக்கியின் மேனேஜர் நாற்காலி கிடைத்தபோது மர்பிக்கு வயது 64.

ஓராண்டு கோச்சாக இருந்துவிட்டு மேனேஜரான வோட் விதிவிலக்கு. தம்பி அவரை வைத்துக் கணக்குப் போட வேண்டாம். ஆனால் இருவரிடமும் கவனிக்க ஒன்று உண்டு. பெரிய அணிகள் தேடுவது ஆட்டக்காரராக நீ எவ்வளவு உயரம் போனாய் என்பதை மட்டும் அல்ல. அடுத்தவனை முன்னேற்ற உனக்குத் தெரியுமா என்பதைத்தான்.

இனி ஆடும் காலத்தின் கணக்கு. ஆண்டுக்கொரு டிராஃப்ட், 20 சுற்று, 30 அணிகள். ஆக மொத்தம் நாடு முழுவதிலும் இருந்து ஏறக்குறைய 600 பேர். ஓர் அணி உள்நாட்டு மைனர் லீகில் 165 பேருக்கு மேல் வைத்துக்கொள்ளக் கூடாது என்பது 2024 முதல் விதி. அதனால் ஜூலையில் 20 புதுப் பையன்கள் உள்ளே வந்தால், ஏறக்குறைய அத்தனை பழைய பையன்கள் வெளியே போயாக வேண்டும். மேலே மேஜர் அணியில் இருப்பது 26 இடம். 2023 ஒப்பந்தப்படி அந்த ஆண்டின் குறைந்தபட்சச் சம்பளம் மைனர் லீகின் படிகளில், கீழிருந்து மேலாக, சிங்கிள்-ஏ அணியில் 26,200 டாலர், டபுள்-ஏயில் 30,250, ட்ரிபிள்-ஏயில் 35,800. தங்குமிடத்தை அணியே தருகிறது. மேஜர் லீகில் 2025-ன் குறைந்தபட்சம் 7,60,000 டாலர். இடையில் படிக்கட்டு கிடையாது, மலைச்சரிவுதான். மேஜர் லீகில் 43 நாள் கணக்கில் ஏறினாலே ஓய்வூதிய உரிமை வந்துவிடும். ட்ரிபிள்-ஏயில் பத்து வருடம் கிடந்தாலும் அந்த உரிமை வராது.

பெரிய கை, பெரிய பெயர் என்றாலும் உறுதி கிடையாது. இந்திய வம்சாவளித் தாயின் மகன் குமார் ராக்கரை 2021-ல் நியூயார்க் மெட்ஸ் 10-ஆவது ஆளாகத் தேர்ந்தெடுத்தது. மருத்துவப் பரிசோதனைக்குப் பிறகு ஒப்பந்தமே போடவில்லை. அடுத்த ஆண்டு உங்கள் ஊர்ப் பக்க ரேஞ்சர்ஸ் 3-ஆவது ஆளாக எடுத்தது. 2023-ல் முழங்கை அறுவை சிகிச்சை. 2024 செப்டம்பரில்தான் மேஜர் லீகில் முதல் பந்து.

கை என்றதும் ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். தம்பி கேட்சர், பிட்சர் இரண்டுமாக இருப்பதுதான் உங்கள் கடிதத்தில் என்னை அதிகம் உறுத்தியது. ஒரே ஆட்டத்தில் பந்து வீசியவன் கேட்சராக உட்காரக் கூடாது. கேட்சர் ஒவ்வொரு பந்தையும் திருப்பி எறிகிறான், அந்த எண்ணிக்கையை யாரும் எழுதுவதில்லை. மேஜர் லீகின் ‘பிட்ச் ஸ்மார்ட்’ வழிகாட்டுதல்படி 15, 16 வயதுக்கு ஒரு நாளில் அதிகபட்சம் 95 பந்து. 75-ஐத் தாண்டினால் நான்கு நாள் ஓய்வு. வருடத்தில் குறைந்தது நான்கு மாதம் போட்டிப் பந்துவீச்சு கூடாது. அதில் இரண்டு மூன்று மாதமாவது தொடர்ந்து, தோளுக்கு மேல் கை தூக்கி எறிவதே கூடாது. பள்ளி அணியில் ஒரு கோச், கோடையில் டிராவல் அணியில் இன்னொரு கோச். இருவரும் தனித்தனியே விதியை மதிக்கிறார்கள், கூட்டிப் பார்க்க ஆள் இல்லை. அந்தக் கூட்டல் வேலை அப்பாவுடையது. குளிர்சாதனப் பெட்டிக் கதவில் ஒரு தாள் ஒட்டித் தேதியும் பந்து எண்ணிக்கையும் எழுதுங்கள். ஸ்பீடு கன்னில் என்ன காட்டியது என்று தயவுசெய்து கேட்காதீர்கள்.

கேட்சர் என்பது கோச் ஆக நினைப்பவனுக்கு வாய்த்த நல்ல இடம். உலகத் தொடரை நான்கு முறை வென்ற மேனேஜர் புரூஸ் போச்சியும் மாற்றுக் கேட்சராகக் காலம் தள்ளியவர்தான். மைதானம் முழுவதையும் எதிர்நோக்கி உட்காருவது ஒருவன் மட்டுமே. பத்துப் பன்னிரண்டு பிட்சர்களின் கையும் மனமும் தெரிந்தவனும் அவனே. பந்தை நைசாக இழுத்து ஸ்டிரைக் (அடிக்கத்தக்க எல்லைக்குள் வந்த பந்து) போலக் காட்டும் வித்தையை மட்டும் நம்ப வேண்டாம். 2026 முதல் அம்பயரின் தீர்ப்பை இயந்திரத்திடம் முறையிடும் வழி மேஜர் லீகுக்கு வந்திருக்கிறது. பந்தைத் தடுப்பது, எறிவது, பிட்சரோடு பேசுவது ஆகியவற்றின் மதிப்பு குறையாது.

தம்பி இன்றைக்கே தொடங்க வேண்டியவை இரண்டு. ஒன்று, நோட்டுப் புத்தகம். ஒவ்வொரு ஆட்டத்துக்குப் பிறகும் அரைப் பக்கம்: எந்தப் பிட்சருக்கு எந்தச் சொல் வேலை செய்தது, எந்தச் சொல் அவனைக் குழப்பியது, எந்த எண்ணிக்கையில் எந்தப் பந்து கேட்டேன், ஏன். ஆறு வருடம் கழித்து வேலை நேர்காணலில் ‘ஓர் ஆட்டக்காரனை எப்படி மாற்றினாய்’ என்று கேட்பார்கள். அந்த நோட்டு இருப்பவனிடம் பதில் இருக்கும்.

இரண்டு, ஸ்பானிஷ். பள்ளியில் மொழிப் பாடமாக எதையோ எடுத்திருப்பான், அதை ஸ்பானிஷாக மாற்றச் சொல்லுங்கள். மைனர் லீக் உடைமாற்றும் அறையில் கணிசமானவர்கள் டொமினிகன் குடியரசு, வெனிசுவேலாவிலிருந்து 16, 17 வயதில் ஒப்பந்தமாகி வந்தவர்கள். மொழிபெயர்ப்பாளர் இல்லாமல் அவர்களோடு பேசத் தெரிந்த கோச்சுக்கு, அதே தகுதியுள்ள மற்றவனைவிட ஒரு படி முன்னுரிமை. தமிழும் ஆங்கிலமும் கலந்து வளர்ந்த பிள்ளைக்கு மூன்றாவது மொழி பாரமில்லை.

கல்லூரி விஷயத்துக்கு வருகிறேன். பள்ளி முடித்ததும் டிராஃப்டில் யாராவது கூப்பிட்டால் போகலாமா? கடைசிச் சுற்றுகளில் சிறு தொகைக்குக் கூப்பிட்டால் வேண்டாம் என்பதே என் கருத்து. அரசனை நம்பிப் புருஷனைக் கைவிட்ட கதையாகிவிடும். நான்கு வருடக் கல்லூரிக்குப் போனால் மூன்றாம் ஆண்டு முடியும் வரை, அல்லது 21 வயது வரை மறுபடி டிராஃப்டில் இடமில்லை. இரண்டு வருட ஜூனியர் காலேஜ் என்றால் ஆண்டுதோறும் வாய்ப்பு உண்டு. பிட்சர் நட்சத்திரங்கள் ரோஜர் கிளெமென்ஸ், ஆண்டி பெட்டிட் இருவரும் ஆடிய சான் ஹசின்டோ கல்லூரி உங்கள் டெக்சாசில்தான் இருக்கிறது, அதைச் சிறுமையாக நினைக்க வேண்டாம். எப்போது ஒப்பந்தம் போட்டாலும் கல்லூரிச் செலவை அணி ஏற்கும் திட்டத்தைக் கையெழுத்துக்கு முன்பே பேசி, தொகையோடு எழுத்தில் வாங்குங்கள். ஆடி முடித்தபின் குறித்த காலத்துக்குள் படிப்பைத் தொடங்காவிட்டால் அது காலாவதியாகும். ‘அடுத்த வருடம் பார்க்கலாம்’ என்று தள்ளிப்போட்டு இழப்பதுதான் இதில் வழக்கமாக நடக்கும் தவறு.

கல்லூரி விளையாட்டை நடத்தும் அமைப்பான என்.சி.ஏ.ஏ.-வின் முதல் பிரிவில் ஆட, பள்ளியில் 16 முக்கியப் பாடங்கள், அவற்றில் சராசரி (ஜி.பி.ஏ.) 2.3 வேண்டும். அந்தப் பதினாறில் பத்தை பன்னிரண்டாம் வகுப்பு தொடங்கும் முன்பே முடித்திருக்க வேண்டும். இதைப் பதினோராம் வகுப்புக் கடைசியில் கண்டுபிடிக்கிறவர்கள் மாட்டிக்கொள்கிறார்கள், ஏனென்றால் அப்போது பெற்ற மதிப்பெண்ணைத் திருத்த முடியாது. மூன்றாம் பிரிவுக் கல்லூரிகளில் விளையாட்டு உதவித்தொகையே கிடையாது, படிப்புக்குத் தருவார்கள். கோச் ஆக நினைக்கும் நடுத்தர ஆட்டக்காரனுக்கு, முதல் பிரிவில் நான்கு வருடம் பெஞ்சில் உட்காருவதைவிட மூன்றாம் பிரிவில் தினமும் ஆடுவதே மேல் என்பேன். பாடமாக உடலியக்கவியல் அல்லது புள்ளியியல் எடுக்கட்டும். இன்றைய கோச் பந்தின் போக்கை அளக்கும் டிராக்மேன், ராப்சோடோ கருவிகள் தரும் எண்களைப் படித்து, அதை ஆட்டக்காரனுக்கு ஒரே வரியில் சொல்லத் தெரிந்தவனாக இருக்க வேண்டும்.

விசா. நீங்கள் எச்-1பி வேலை விசா, பையன் அதைச் சார்ந்த எச்-4, கிரீன் கார்டு வரிசையில் நிற்கிறீர்கள். கல்லூரியில் படிக்கவோ ஆடவோ இது தடையில்லை. ஆனால் எச்-4-ல் வேலை செய்து சம்பாதிக்க முடியாது. 21 வயதில் அந்த நிலையும் முடிந்து மாணவர் விசாவான எஃப்-1-க்கு மாற வேண்டும். கல்லூரி ஆட்டக்காரர்கள் இப்போது பெயருக்கும் படத்துக்கும் வாங்கும் விளம்பரப் பணம் எஃப்-1 மாணவனுக்குச் சிக்கல். சக ஆட்டக்காரன் வாங்குகிறானே என்று கையெழுத்துப் போட்டால் விசாவுக்கே ஆபத்து. டிராஃப்டில் எடுத்தால் அணி பி-1 (P-1) எனும் விளையாட்டு வீரர் விசாவுக்கு ஏற்பாடு செய்யும். கோச் வேலையில்தான் கஷ்டம் அதிகம். படிப்பு முடிந்தபின் கிடைக்கும் 12 மாத ஓ.பி.டி. என்ற வேலை அனுமதியில் பார்க்கும் வேலை, படித்த பாடத்தோடு தொடர்புடையதாக இருக்க வேண்டும். கணினி படித்துவிட்டு மட்டை பிடிக்கக் கற்றுத்தர முடியாது. புள்ளியியல் படித்தவன் ஓர் அணியின் தரவுப் பிரிவில் சேரலாம். அந்தப் பட்டத்துக்குக் கூடுதலாக 24 மாதமும் கேட்கலாம். பாடம் தேர்ந்தெடுக்கும் முன்பு குடியேற்ற வழக்கறிஞரிடம் ஒரு மணி நேரம் செலவழியுங்கள்.

ஆட்டம் முடிந்தபின் கோச்சாக நுழையும் வாசல்கள் எவை? மைனர் லீகில் அணி விடுவிக்கும்போதே சிலரிடம் ‘கோச்சாக இருக்கிறாயா’ என்று கேட்பார்கள். கேட்கப்படுகிறவன் பெரும்பாலும் சக ஆட்டக்காரர்களுக்கு உதவிக்கொண்டிருந்தவன். விடுவித்த கோபத்தில் கதவை அறைந்துவிட்டுப் போகிறவனுக்கு அந்த அழைப்பு வராது. இரண்டாவது வாசல் கல்லூரி: முதுகலை படித்துக்கொண்டே கோச்சுக்கு உதவியாளராக இருப்பது. 2023 ஜூலை முதல் முதல் பிரிவு அணிகளில் சம்பளமில்லாத் தொண்டர் கோச் முறை போய், அந்த இடத்துக்கும் சம்பளம் தரலாம் என்று விதி மாறியிருக்கிறது. ஜனவரிதோறும் நடக்கும் அமெரிக்க பேஸ்பால் கோச்கள் சங்க மாநாடு ஆள் தேடுகிறவர்களும் வேலை தேடுகிறவர்களும் சந்திக்கும் இடம்.

வேலை எப்படி இருக்கும்? இரவு 7 மணி ஆட்டத்துக்கு மதியமே மைதானத்தில் இருக்க வேண்டும். தனிப்பயிற்சி, காணொளி, கூட்டம். பிறகு வலைத் தடுப்புக்குப் பின்னால் நின்று நூற்றுக்கணக்கில் பந்து எறிய வேண்டும். அடிக்கச் சுகமான ஒரே வேகத்தில், ஒரே இடத்தில் விழ வேண்டும். இது தெரியாத முன்னாள் நட்சத்திரங்கள் உண்டு. நீளமான ஃபங்கோ மட்டையால் வேண்டிய இடத்துக்குப் பந்தைத் தட்டவும் தெரிய வேண்டும். ஆட்டம் முடிந்ததும் ஒவ்வொரு ஆட்டக்காரனைப் பற்றியும் மேலிடத்துக்கு அறிக்கை. செவ்வாய் முதல் ஞாயிறு வரை ஆறு ஆட்டம், திங்கள் விடுமுறை. அதுவும் பல வாரம் பயணத்திலேயே கழியும். ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை இதுதான். ஒப்பந்தம் பெரும்பாலும் ஒரு வருடத்துக்கு. மேலே இயக்குநர் மாறினால் கீழே நன்றாக வேலை செய்தவரும் போவதுண்டு.

புதுக் கோச்கள் விழும் இடம் பெரும்பாலும் ஒன்றே: ‘நான் இப்படித்தான் அடித்தேன்’ என்பது. அடுத்தவன் இடுப்பும் தோளும் வேறு. இன்னொன்று, ஒரே நாளில் நான்கு திருத்தம் சொல்வது. ‘முழங்கையை உள்ளே வை’ என்றால் பையன் முழங்கையையே நினைத்துக்கொண்டு பந்தை விடுகிறான். ‘பந்தை இரண்டாம் பேஸில் நிற்பவன் தலைக்கு மேல் அனுப்பு’ என்றால் முழங்கை தானாகச் சரியாகும்.

பள்ளிக் கோச் வேலையை நீங்கள் இரண்டாம் பட்சமாக எழுதியிருந்தீர்கள். டெக்சாசில் அரசுப் பள்ளியில் கோச்சாக இருக்கப் பொதுவாக அந்தப் பள்ளி மாவட்டத்தின் முழுநேர ஊழியராக இருக்க வேண்டும், பெரும்பாலோர் ஆசிரியர்கள். கணக்கு ஆசிரியர் சான்றிதழோடு கேட்சராக ஆடிய அனுபவமும் இருப்பவனைப் பள்ளிகள் தேடும், வீட்டுக்கு இரவு வரலாம், ஓய்வூதியம் உண்டு. மேலே சொன்ன எல்லா வழிகளிலும் குடும்பம் நடத்த ஏற்றது இதுதான்.

பத்தாம் வகுப்பு முடிந்த ஆகஸ்ட் 1 முதல் முதல் பிரிவுக் கல்லூரிக் கோச்கள் மாணவனோடு நேரடியாகப் பேசலாம். அதற்குள் மூன்று நிமிட வீடியோ ஒன்று தயாராகட்டும்: இரண்டாம் பேஸுக்கு எறிவது, தரையில் விழும் பந்தைத் தடுப்பது, மட்டை வீச்சு பக்கவாட்டிலிருந்து. பின்னணி இசை வேண்டாம். மின்னஞ்சலைப் பையனே எழுதட்டும். அப்பா எழுதியது அவர்களுக்கு முதல் வரியிலேயே தெரிந்துவிடும்.