ஆர்ம்பாரில் கை ஏன் உருவிப்போகிறது?

கேள்வி: மேலூர்ப் பக்கம் கபடி ஆடியவன் நான். எட்டு மாதமாக மதுரையில் பிரேசிலியன் ஜியு-ஜிட்சு என்ற தரைமல்யுத்தம் பழகுகிறேன், வெள்ளை பெல்ட், அதாவது தொடக்க நிலை. கீழே படுத்து, எதிராளியை என் கால்களுக்கு நடுவே வைத்த கார்டு நிலையிலிருந்து ஆர்ம்பார் (முழங்கையை எதிர்ப்பக்கம் வளைக்கும் பூட்டு) போட்டால் எதிராளி கையை உருவிவிடுகிறார், அல்லது என்னைச் சுருட்டி மேலே ஏறி அழுத்துகிறார். இதை விட்டுவிட்டு, குதிகாலைத் திருகும் ஹீல் ஹுக் பழகலாமா?

பதில்: விடவேண்டாம். நீங்கள் சொல்லும் இரண்டு தொல்லைக்கும் காரணம் ஒன்றுதான்: உங்கள் இடுப்புக்கும் அவர் தோளுக்கும் நடுவே இடைவெளி விழுகிறது. அலங்காநல்லூரில் திமிலைத் தழுவுகிறவரைப் பாருங்கள். நெஞ்சு காளையோடு ஒட்டியிருக்கும் வரைதான் அவர் தாக்குப்பிடிப்பார். சற்று விலகினாலும் தூக்கி வீசப்படுவார். ஆர்ம்பாரும் அப்படித்தான்.

எதிராளியின் வலது கையைப் பிடிப்பதாக வைத்துக்கொள்வோம். மணிக்கட்டை மட்டும் பிடிப்பதுதான் முதல் தவறு. வியர்வையில் மணிக்கட்டு வழுக்கும். மதுரை வெயிலில் பத்தாவது நிமிடத்திலேயே பிடி நிற்காது. ஒரு கை மணிக்கட்டில், மறு கை முழங்கைக்குச் சற்று மேலே. அந்த முழங்கை உங்கள் நெஞ்சின் நடுக்கோட்டைத் தாண்டி உங்கள் வலப்பக்கம் வரவேண்டும். அது வராமல் காலைத் தூக்காதீர்கள்.

அடுத்து இடது பாதத்தை அவருடைய வலது இடுப்பில் ஊன்றி, புட்டத்தைத் தரையிலிருந்து எழுப்பி, உடம்பைத் திருப்புங்கள். உங்கள் தலை அவருடைய இடது முழங்காலுக்கு அருகே போகவேண்டும். பெரும்பாலான வெள்ளை பெல்ட்டுகள் இந்தத் திருப்பத்தைத்தான் விட்டுவிடுகிறார்கள். நேருக்கு நேராகப் படுத்தபடியே காலை வீசினால், அவர் முன்னால் சாய்ந்தாலே போதும், நீங்கள் சுருண்டுவிடுவீர்கள். குறுக்கே திரும்பியிருந்தால் அவர் எடை உங்கள்மேல் நேராக இறங்காது. கூடுதல் காப்பாக, உங்கள் வலது கையால் அவர் இடது காலை உள்ளிருந்து கொக்கிபோல வளைத்துப் பிடியுங்கள். எழுந்து நிற்கச் சிரமப்படுவார்.

வலது கால் அவர் இடது அக்குளுக்குள் உயரமாக ஏறி, முதுகைக் கீழே அழுத்தவேண்டும். அதற்குப் பிறகுதான் இடது கால் தலையைத் தாண்டும். தாண்டிய கால் சும்மா கிடக்கக்கூடாது: குதிகாலைக் கீழ்நோக்கி இழுங்கள், இரண்டு முழங்கால்களையும் நெருக்குங்கள். கணுக்கால்களைப் பின்னினால் முழங்கால்கள் விரியும். கை அந்த வழியாகத்தான் போகும். அவர் கட்டைவிரல் மேல்நோக்கியிருக்கும்படி கையை நெஞ்சோடு அணைத்து, இடுப்பை மெல்ல உயர்த்துங்கள்.

அப்படியும் கையை முழுவதுமாக உருவிவிட்டாரா? உங்கள் இடது கால் அவர் பிடரியில் இருக்கிறது, அவருடைய தலையும் இடது கையும் உங்கள் கால்களுக்குள் இருக்கின்றன. வலது காலை இடது கணுக்கால்மேல் மடக்கிப் போட்டால், கழுத்தை நெரிக்கும் முக்கோணப் பிடி, அதாவது ட்ரையாங்கிள். ஆர்ம்பாரையும் ட்ரையாங்கிளையும் ஒரே மூச்சில் பழகச் சொல்வது இதற்காகத்தான். ஆனால் எடை முழுக்க உங்கள் கழுத்தில் இறங்கிவிட்டால் பிடிவாதம் வேண்டாம், விட்டுவிடுங்கள். கழுத்தைப் பணயம் வைக்கிற அளவுக்கு எந்தப் பிடியும் பெரிதல்ல.

பயிற்சிக்கு: வகுப்பு முடிந்ததும் ஒரே துணையோடு ஐந்து நிமிடம். முதலில் அவர் எதிர்க்கவே கூடாது. பிறகு பாதி பலத்தில் எதிர்க்கட்டும். கடைசி ஒரு நிமிடம் முழுப் பலத்தில். வலம், இடம் இரண்டிலும் செய்யுங்கள். கபடிப் பழக்கம் ஒன்றை மட்டும் மறக்கவேண்டும். அங்கே நடுவரின் விசில் வரை பிடியை விடமாட்டீர்கள். இங்கே துணைவர் தோல்வியை ஒப்புக்கொண்டு கையாலோ காலாலோ தட்டினாலும், வாயால் சொன்னாலும், அந்த நொடியே விடவேண்டும். முழங்கையின் தசைநார் ஒரு வெட்டு இழுப்பிலேயே போய்விடும்.

ஹீல் ஹுக் இப்போது வேண்டாம். அது குதிகாலைத் திருகி முழங்காலை உடைக்கிற பிடி. வலி உறைப்பதற்குள் உள்ளே தசைநார் கிழிந்திருக்கும், தட்டுவதற்குக்கூட நேரம் இருக்காது. சர்வதேச பிரேசிலியன் ஜியு-ஜிட்சு கூட்டமைப்பான ஐபிஜேஜேஎஃப் நடத்தும் போட்டிகளிலும் 2021 முதல் அது கி (தடித்த பயிற்சி உடை) அணியாத பிரிவில், வயது வந்த பிரவுன், கறுப்பு பெல்ட்டுகளுக்கு மட்டும்தான் அனுமதி. காலில் ஏதாவது பழகியே ஆகவேண்டுமென்றால் நேர் கணுக்கால் பூட்டு இருக்கிறது. வெள்ளை பெல்ட்டுக்கும் அனுமதி உண்டு.

இன்னொன்று: உடலோடு ஒட்டும் முழுக்கை ரேஷ்கார்டு சட்டை போடுங்கள், சுற்றுக்குச் சுற்று துண்டால் கையைத் துடையுங்கள், பயிற்சி முடிந்த உடனே குளித்துவிடுங்கள். நம்மூர் வியர்வையில் பயிற்சி விரிப்பிலிருந்து படர்தாமரை ஒட்டிக்கொண்டால் குணமாகும்வரை பயிற்சியை நிறுத்தவேண்டியிருக்கும்.