சுபைதா பழைய பெயரா?

அஸ்ஸலாமு அலைக்கும்.

எனக்கு ஊர் முல்லைத்தீவு, நீராவிப்பிட்டி. தொண்ணூறாம் ஆண்டு எங்களை வெளியேற்றியபோது நான் உம்மாவின் கைக்குழந்தை. புத்தளத்தில் வளர்ந்து, அங்கேயே கல்யாணம் முடித்து, இப்போது ஊரில் திரும்பக் குடியிருக்கிறோம். எனக்கு இது ஆறாம் மாதம். பெண் பிள்ளையாக இருந்தால் சுபைதா என்று வைக்கும்படி மாமி சொல்கிறார். அது அவருடைய உம்மாவின் பெயர். என் கணவருக்கோ அலைனா என்ற பெயர்தான் பிடித்திருக்கிறது. குர்ஆனில் வரும் சொல் என்கிறார். எனக்கு ஆஸியா விருப்பம். ஆனால் பக்கத்து வீட்டு ராத்தா, "அதற்குப் பாவி என்று அர்த்தம்" என்று சொல்லிவிட்டார். இணையத்தில் பார்த்தால் ஒரே பெயருக்கு ஓரிடத்தில் மலர் என்றும் இன்னோரிடத்தில் இளவரசி என்றும் போட்டிருக்கிறார்கள். மூத்தவள் பெயர் மின்ஹா. இப்போது அதற்கும் சரியான பொருள்தானா என்று பயமாக இருக்கிறது. சுபைதா என்று வைத்தால் பள்ளிக்கூடத்தில் பழைய பெயர் என்று சிரிக்க மாட்டார்களா? பதியும்போது முன்னால் பாத்திமா போடத்தான் வேண்டுமா? என் அடையாள அட்டையில் ஒரு எழுத்து, கடவுச்சீட்டில் இன்னோர் எழுத்து என்று நான் பட்ட அலைச்சல் பிள்ளைக்கு வேண்டாம்.

(பெயரை வெளியிட வேண்டாம் என்று கேட்டிருக்கிறார்)

---

அன்புள்ள சகோதரிக்கு,

வ அலைக்குமுஸ்ஸலாம். உங்களைக் குழப்பியிருப்பது ஆஸியாதான். அதிலிருந்தே தொடங்குகிறேன்.

பக்கத்து வீட்டு ராத்தா சொன்னதில் பாதி சரி. தமிழில் ஆஸியா என்று நாம் எழுதுவதற்குள் இரண்டு அறபுப் பெயர்கள் ஒளிந்திருக்கின்றன. ஒன்று அலிப் என்ற எழுத்தில் தொடங்கி ஸீன் என்ற எழுத்தோடு வருவது. எகிப்து மன்னன் பிர்அவ்னின் மனைவியின் பெயர் அதுதான். மற்றது ஐனில் தொடங்கி ஸாதோடு வருவது. அதன் பொருள் மாறு செய்பவள், கீழ்ப்படியாதவள். இந்த இரண்டாவது பெயருடன் ஒரு பெண் இருந்தார். நபி (ஸல்) அவர்கள் அதை மாற்றி ஜமீலா என்று வைத்தார்கள். நபிமொழித் (ஹதீஸ்) தொகுப்பான ஸஹீஹ் முஸ்லிமில் இந்தச் செய்தி இருக்கிறது. ராத்தா கேள்விப்பட்டது இதைத்தான். நீங்கள் விரும்புவது முதல் பெயரை. கொடுங்கோலனின் அரண்மனைக்குள் இருந்துகொண்டே ஈமானை, அதாவது இறைநம்பிக்கையை, காத்த பெண் அவர். "இறைவா, உன்னிடத்தில் சுவர்க்கத்தில் எனக்கு ஒரு வீட்டைக் கட்டித் தா" என்ற அவருடைய துஆ குர்ஆனில் 66ஆவது அத்தியாயத்தின் 11ஆவது வசனமாக இருக்கிறது. அங்கே அவர் பெயர் சொல்லப்படவில்லை, பெயர் ஹதீஸில் வருகிறது. வீடு வாசலை விட்டு வெளியேற்றப்பட்டுத் திரும்பி வந்த ஊரில் ஒரு பிள்ளைக்கு இந்தப் பெயரை வைப்பதில் ஒரு குறையும் இல்லை. அலிபும் ஸீனும் என்று மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

இணையப் பட்டியல்கள் சறுக்குவதும் இதே இடத்தில்தான். அறபில் வேறு வேறாக இருக்கும் எழுத்துகள் தமிழிலும் ஆங்கிலத்திலும் ஒன்றாகிவிடும். பட்டியல் போடுகிறவர் அறபு எழுத்தைப் பார்க்காமல் ஓசையை மட்டும் பார்த்துப் பொருள் எழுதிவிடுவார். ஹலீமாவைப் பாருங்கள். நபியவர்களுக்குப் பாலூட்டி வளர்த்த தாயின் பெயர், பொறுமையும் மென்மையும் உடையவள் என்று பொருள். நம் ஊர்ப் பேச்சில் ஹகரம் விழுந்து அது அலிமா ஆகிவிடுகிறது. ஐனில் தொடங்கும் அலீமா என்றால் அறிந்தவள், அதுவும் நல்ல பொருள்தான். ஆனால் அலிபில் தொடங்கும் அலீமா என்றால் வேதனை தருவது. "அதாபுன் அலீம்" என்று குர்ஆனில் ஓதுகிறோமே, அந்தச் சொல். ஆகவே ஒரு பெயர் பிடித்துப்போனால் முதல் வேலை, அதை அறபில் எழுதிக் காட்டும்படி மவ்லவி ஒருவரிடம் கேட்பது. மூல எழுத்து மூன்றும் தெரிந்துவிட்டால் பொருளை அகராதியில் பார்த்துக்கொள்ளலாம். எழுதிக் காட்ட முடியாத பெயரென்றால் அது பெரும்பாலும் உம்மா பெயரில் ஒரு துண்டும் வாப்பா பெயரில் ஒரு துண்டும் எடுத்து ஒட்டியதாக இருக்கும். அப்படி வைப்பது குற்றமில்லை. ஆனால் அதற்குப் பொருளைத் தேடி அலைய வேண்டாம், கிடைக்காது.

அலைனாவுக்கு வருவோம். உங்கள் கணவர் சொல்வது உண்மை, அந்தச் சொல் குர்ஆனில் பல இடங்களில் வருகிறது. அதன் பொருள் "எங்கள் மீது". ஒரு வேற்றுமைச் சொல், அவ்வளவுதான். குர்ஆனில் இருப்பதாலேயே ஒரு சொல் பெயராகிவிடாது. பிர்அவ்னும்கூடக் குர்ஆனில் இருக்கிறான். குர்ஆனிலிருந்தே எடுக்க வேண்டும் என்று அவர் ஆசைப்பட்டால் 55ஆவது அத்தியாயத்தை எடுத்துக் கொடுங்கள். அதில் கிளைகள் என்ற பொருளில் அப்னான் இருக்கிறது. முத்தும், பவளம் என்றும் சிறு முத்து என்றும் பொருள் சொல்லப்படும் மர்ஜானும் இருக்கின்றன. சிலாவத்துறைக் கடலில் முத்துக் குளித்த வன்னிக் கரைக்கு மர்ஜான் பொருத்தமான பெயர்.

அந்தப் பெயர்களை விடவும் உங்கள் மாமி சொன்ன பெயர் எனக்கு மேலாகத் தெரிகிறது. காரணத்தைச் சொல்கிறேன்.

சுபைதா என்பது ஸுப்தா என்ற சொல்லின் செல்ல வடிவம். ஸுப்தா என்றால் வெண்ணெய், ஒன்றின் சிறந்த பகுதி. இந்தப் பெயரைப் புகழ்பெறச் செய்தவர் கலீபா ஹாரூன் அல் ரஷீதின் மனைவி. அவருடைய இயற்பெயர் அமத்துல் அஸீஸ். கொழுகொழுவென்றிருந்த பேத்தியைப் பாட்டனார் கலீபா மன்சூர் சுபைதா என்று கொஞ்சிக் கூப்பிட, அந்தப் பெயரே நிலைத்துவிட்டது. ஈராக்கின் கூபா நகரிலிருந்து மக்காவுக்கு ஹஜ்ஜுக்குப் போகும் பாலைவனப் பாதை ஆயிரம் கிலோமீற்றருக்கும் மேல் நீளம். அதன் வழியெங்கும் கிணறுகளும் தங்குமிடங்களும் மழைநீரைத் தேக்கும் தொட்டிகளும் அமைய அவர் பொருள் கொடுத்தார். அந்தத் தொட்டிகளில் பலவற்றுக்குப் பக்கத்தில் சிறிய முன்தொட்டி ஒன்று இருக்கும். வெள்ளம் முதலில் அதற்குள் விழுந்து, மண்ணும் மணலும் அடியில் படிந்த பிறகு, தெளிந்த நீர் பெரிய தொட்டிக்குப் போகும். சில தொட்டிகளுக்குள் இறங்கப் படிகளும் கட்டியிருக்கிறார்கள். மக்காவுக்கென்று தனியாக அவர் கொண்டுவந்த நீர்வழியை ஐன் சுபைதா என்பார்கள். அந்தப் பாதைக்கு இன்றைக்கும் தர்ப் சுபைதா, சுபைதாவின் பாதை என்றே பெயர். அவர் இறந்தது 831இல். குளத்தை நம்பி வயல் செய்கிற வன்னியில் தண்ணீர் கொடுத்தவரின் பெயரைப் பழையது என்று யார் சிரிப்பார்கள்? அப்படி ஒரு பிள்ளை சிரித்தால், உங்கள் மகளுக்கு இந்தக் கதையைச் சொல்லிக் கொடுத்திருந்தால் போதும்.

பழைய பெயர் என்று நாம் ஒதுக்குகிறவற்றுக்குள்தான் மனிதர்கள் இருக்கிறார்கள். நபீஸாவை எடுத்துக்கொள்ளுங்கள். உம்மம்மாமார் பெயர் என்று இப்போது யாரும் வைப்பதில்லை. 762இல் மக்காவில் பிறந்து 824இல் கெய்ரோவில் மறைந்த நபீஸா நாயகி நபியவர்களின் குடும்ப வழியில் வந்த அறிஞர். மார்க்கச் சட்ட அறிஞரான இமாம் ஷாபிஈ அவரிடம் போய் வந்திருக்கிறார். 820இல் இமாம் இறந்தபோது ஜனாஸா (உடல்) நபீஸா நாயகியின் வீட்டுப் பக்கமாகக் கொண்டுவரப்பட்டு, அவரும் இமாமுக்காக ஜனாஸாத் தொழுகை தொழுத செய்தி வரலாற்று நூல்களில் இருக்கிறது. ஷாபிஈ மத்ஹபில், அதாவது அந்த இமாமின் சட்டநெறியில், தொழுகிற நம் வீடுகளில் இந்தப் பெயர் அற்றுப்போவது எனக்கு வருத்தமாக இருக்கிறது. கரீமாவும் அப்படித்தான். மக்காவில் இருந்து ஸஹீஹ் புகாரி என்ற நபிமொழித் தொகுப்பை ஓதிக் கொடுத்த கரீமா அல் மர்வஸிய்யாவிடம் ஆண் அறிஞர்கள் வந்து உட்கார்ந்து கேட்டு எழுதிக்கொண்டார்கள். ரஸியா 1236 முதல் 1240 வரை டில்லியை ஆண்ட சுல்தானின் பெயர்.

பொருளை மட்டும் பார்த்தால் நபியவர்களின் மனைவி கதீஜா (ரழி) அவர்களின் பெயர்கூட நமக்குப் பிடிக்காமல் போகலாம். அதன் வேர்ச்சொல் குறைமாதத்தில் பிறப்பதைக் குறிப்பது. ராபியா என்றால் நான்காமவள். பஸ்ராவின் ஞானி ராபியா வீட்டுக்கு நான்காவது மகள், அதனால் அந்தப் பெயர். வசந்தம் என்று பட்டியல்கள் போடுவது ரபீஉ என்ற வேறு சொல்லைப் பார்த்து. பாத்திமா என்றால் பால்மறக்கச் செய்பவள். இந்தப் பெயர்களை நாம் வைப்பது அகராதிக்காகவா, அவற்றைச் சுமந்தவர்களுக்காகவா? மறுபக்கமும் உண்டு. பர்ரா என்றால் நல்லவள், இறையச்சம் உடையவள். அதையே நபியவர்கள் ஸைனப் என்றும் ஜுவைரியா என்றும் மாற்றியிருக்கிறார்கள். தன்னைத் தானே புகழ்வதுபோல இருந்தது ஒரு காரணம்.

உம்மு சல்மா என்று நம் ஊர்களில் நிறைய இருக்கிறது. அது நபியவர்களின் மனைவியரில் ஒருவரான உம்மு ஸலமாவின் பெயர். ஸலமாவின் தாய் என்று பொருள், ஸலமா அவருடைய மகன். இயற்பெயர் ஹிந்த். சல்மா வேறு பெயர். மக்காவுக்கு அருகே ஹுதைபிய்யாவில், 628ஆம் ஆண்டு, பலியை அறுத்துத் தலையை மழித்துக்கொள்ளும்படி நபியவர்கள் மூன்று முறை சொல்லியும், உம்ரா கைகூடாத துயரத்தில் ஒருவரும் எழவில்லை. கூடாரத்துக்குள் வந்த நபியவர்களிடம் உம்மு ஸலமா (ரழி) சொன்னார்கள்: யாரிடமும் பேசாமல் வெளியே போய் உங்கள் பலியை அறுங்கள், முடி மழிப்பவரைக் கூப்பிட்டு மழித்துக்கொள்ளுங்கள். அப்படியே செய்ததும் எல்லோரும் எழுந்துவிட்டார்கள். இந்தப் பெயரை வைப்பவர்கள் ஸலமா என்றே எழுதட்டும்.

இனிப் பதிவு. பிறப்பைப் பதிவது பிள்ளை பிறந்த இடத்துக்குரிய பதிவாளரிடம். உங்களை வவுனியா ஆஸ்பத்திரிக்கு அனுப்பி அங்கே பிள்ளை பிறந்தால் பதிவும் அங்கேதான், முல்லைத்தீவில் அல்ல. 42 நாளுக்குள் பதிய வேண்டும். ஏழாம் நாள் பெயர் சூட்டி அகீகா (பிள்ளைக்காக அறுக்கும் பலி) கொடுப்பவர்களுக்கு இந்த அவகாசம் தாராளம்.

பதியப் போகும்போது பெயரை வாயால் சொல்லாதீர்கள். தமிழிலும் ஆங்கிலப் பெரிய எழுத்திலும் தெளிவாக எழுதிய ஒரு தாளைக் கொடுங்கள். வாயால் சொன்னால் ஸுபைதா, சுபைதா, ஜுபைதா என்று கேட்பவர் காதுக்கு ஏற்றபடி போய்விடும். இதில் எதையும் தெரிவு செய்யலாம், ஆனால் ஒன்றையே எல்லா இடத்திலும் எழுத வேண்டும். ஆங்கிலத்தில் 'இஸட்' போட்டுத் தொடங்குங்கள், அறபு ஓசைக்கு அதுதான் பொருந்தும். 'எஸ்' போட்டால் பிறகு அறபு நாட்டில் விசா எழுதுகிறவர் ஸீன் போட்டு எழுதிவிடுவார். கையெழுத்து வைக்குமுன் ஒவ்வொரு எழுத்தாக, உங்கள் பெயரையும் கணவர் பெயரையும் சேர்த்து, கல்யாணப் பதிவோடு ஒப்பிட்டு வாசியுங்கள். பிறகு திருத்துவதற்குத் தனி விண்ணப்பம், தனி அலைச்சல்.

பாத்திமா முன்னால் போடுவது கடமையல்ல, நம் நாட்டு வழக்கம். அழகான வழக்கம்தான். ஆனால் சிக்கல்களில் பாதி அந்த ஒரு சொல்லில்தான் வருகிறது. ஆங்கிலத்தில் 'டி'க்குப் பின்னால் 'எச்' சேர்த்து ஒருவர், சேர்க்காமல் ஒருவர், 'எப்'புக்குப் பதில் 'பி' போட்டு இன்னொருவர் என்று ஒரே பிள்ளைக்கு மூன்று விதமாக எழுதிவிடுகிறார்கள். போடுவதென்றால் மின்ஹாவின் பிறப்புச் சான்றிதழில் உள்ளதைப் பார்த்து அப்படியே தங்கைக்கும் எழுதுங்கள். பாத்திமா சுபைதா என்று இரண்டு சொல்லாகவா ஒரே சொல்லாகவா என்பதையும் முதலிலேயே முடிவு செய்யுங்கள். நடுவில் உள்ள இடைவெளியையும் கணினி கணக்கில் எடுக்கும். நூருல், உம்முல், ஷம்ஸுல் என்று 'ல்' வரும் பெயர்களை அந்த இடத்தில் வெட்டி எழுத விடாதீர்கள். நூருல் என்பதோடு நிறுத்தினால் எதனுடைய ஒளி என்பது அந்தரத்தில் நிற்கும்.

மூத்தவளுக்காகப் பயப்பட வேண்டாம். மின்ஹா என்றால் நன்கொடை, பரிசு. "அவளிலிருந்து" என்று பொருள் சொல்லி யாராவது பயமுறுத்தியிருந்தால், அது உருண்டை ஹாவும் கடைசியில் அலிபும் போட்டு எழுதுகிற வேறு சொல். உங்கள் மகளின் பெயரில் வருவது அறபு எழுத்து வரிசையில் ஜீமுக்கு அடுத்த ஹா. குர்ஆன் மத்ரஸாக் கொப்பியில் அவள் பெயர் எழுதப் பழகும்போது மீம், நூன், அந்த ஹா, முடிவில் தா மர்பூதா என்று எழுதச் சொல்லிக் கொடுங்கள்.