சாகாத நாயகனுக்குக் கண்புரை வருமா?

கேள்வி: நாவல் ஒன்று எழுதுகிறேன். உலகம் அழிந்துகொண்டிருக்கிறது, நாயகனுக்கு மட்டும் சாவு வருவதில்லை. சாவைத் தேடி அலைகிறான். அவன் உடலில் ஒரு செல்கூட சாகாது என்று எழுதியிருக்கிறேன். மருத்துவப்படி இது பொருந்துமா?

பதில்: கதையில் எதுவும் நடக்கலாம். ஆனால் அந்த 'ஒரு செல்கூட சாகாது' என்ற வரியை மட்டும் எடுத்துவிடுங்கள். அப்படியொருவர் முழு மனிதராக உருவாகவே முடியாது. கருவில் கை முதலில் துடுப்பு போலத்தான் இருக்கும். இடையிலுள்ள செல்கள் செத்த பிறகே விரல்கள் பிரியும். சிவப்பணுக்கள் ஏறத்தாழ 120 நாளில் அழிந்து புதியவை வருகின்றன. குடலின் உள்படலத்துக்குச் சில நாள்தான் ஆயுள்.

சாக மறுக்கும் செல்கள் புற்றுநோயில்தான் இருக்கின்றன. 1951இல் ஹென்ரியெட்டா லாக்ஸ் என்ற அமெரிக்கப் பெண்ணின் கருப்பைவாய்ப் புற்றிலிருந்து எடுத்த செல்கள் இன்றும் ஆய்வகங்களில் பெருகிக்கொண்டிருக்கின்றன. அவரோ அதே ஆண்டு 31 வயதில் இறந்துவிட்டார்.

ஆக, உங்கள் நாயகனின் செல்கள் சாக வேண்டும்; அவற்றின் இடத்துக்குப் புதியவை ஓயாமல் வர வேண்டும். சாதாரண மனித செல் சுமார் 50 முறை பிரிந்ததும் நின்றுவிடும் என்று 1961இல் அமெரிக்க உயிரியலாளர் லியோனார்ட் ஹேஃப்ளிக் காட்டினார். ஒவ்வொரு பிரிவிலும் குரோமோசோம் நுனியிலுள்ள டெலோமியர் தேய்வது இதற்கு முக்கியக் காரணம். அதை நீட்டும் டெலோமரேஸ் நொதியை அவனுக்குத் தாராளமாகக் கொடுங்கள், கதைதானே!

அப்போதும் சில உறுப்புகள் தப்பாது. பல் எனாமல் தேய்ந்தால் மறுபடி வளராது. உள்காதின் உணர்செல்கள் போனால் போனதுதான். விழிலென்ஸின் நடுப்பகுதிப் புரதம் பிறக்கும் முன்பே உருவானது, அது மாற்றப்படுவதே இல்லை; வயதாக ஆக அது கெட்டு லென்ஸ் மங்குவதுதான் கண்புரை. இதுவரை உறுதிசெய்யப்பட்ட அதிகபட்ச மனித ஆயுள் ழான் கால்மோ என்ற பிரெஞ்சுப் பெண்ணின் 122 ஆண்டுகள். அதையும் தாண்டி 300 வயதில் அலைபவன் பல் தேய்ந்து, காது மந்தமாகி, புரை முற்றிய கண்ணோடுதான் அலைவான். இடிந்த உலகில் புரை அறுவை செய்ய யார் இருப்பார்கள்? எனக்கு அந்த அத்தியாயத்தைத்தான் படிக்க ஆசை.

சாவைத் தேடுவதைத் தத்துவமாக எழுதியிருப்பீர்கள். எல்லோரையும் பறிகொடுத்தவர்கள் அப்படிப் பேசும்போது மருத்துவர்களான நாங்கள் முதலில் தூக்கத்தையும் பசியையும்தான் விசாரிப்போம். பெரும்பாலும் பின்னால் இருப்பது மனச்சோர்வு. மருந்துக்கும் ஆலோசனைக்கும் கட்டுப்படுகிற நோய் அது.

இன்னொன்றையும் கேட்டுவிடுகிறேன், தவறாக நினைக்காதீர்கள். அந்த எண்ணம் நாயகனுக்கு மட்டுமல்லாமல் உங்களுக்கும் வருகிறதா? வந்தால் நாவலை ஓரமாக வைத்துவிட்டு, நெருங்கிய ஒருவரிடம் இன்றே சொல்லுங்கள். அவரையும் கூட்டிக்கொண்டு மனநல மருத்துவரைப் பாருங்கள்.