பராஜனோவின் மாதுளை

கேள்வி: சோவியத் இயக்குநர் செர்கேய் பராஜனோவின் ‘மாதுளையின் நிறம்’ படத்தை இரண்டு முறை பாதியில் நிறுத்திவிட்டேன். கதை பிடிபடவே இல்லை. எப்படிப் பார்ப்பது?

பதில்: 18ஆம் நூற்றாண்டு ஆர்மேனியக் கவிஞர் சயாத் நோவாவின் வாழ்க்கை அது. சிறுவயது, அரசவை, காதல், மடாலயம், மரணம். இந்த வரிசை மனதில் இருந்தால் போதும். வசனத்துக்குக் காத்திருக்காதீர்கள், அநேகமாகக் கிடையாது. கேமரா நகராது. நடிகர்கள் நேர்முகமாக நம்மைப் பார்த்து நிற்பார்கள். ஆகவே ஒவ்வொரு ஷாட்டையும் பழைய ஏட்டுச் சித்திரம்போல நிதானமாகப் பார்க்க வேண்டும். சாயத்தில் தோய்த்த கம்பளி நூல், மடாலயக் கூரையில் காயப்போட்ட நனைந்த புத்தகங்கள் என்று சிறுவன் பார்ப்பவைதாம் பின்னாளில் கவிஞனின் உலகம்.

பலர் தடுமாறும் இடம் ஒன்று உண்டு. இளம் கவிஞனாகவும் அவன் காதலியாகவும் நடிப்பவர் ஒருவரே, சோஃபிகோ சியாவ்ரேலி. இது தெரியாவிட்டால் காதல் பகுதி முழுக்கக் குழப்பம்தான். தெரிந்து பார்த்தால், தன் முகத்தையே நேசிக்கும் கவிஞனாக அவன் தெரிகிறான். படத்தின் மிக அழகான பகுதி அது என்பேன்.

கேள்வி: இணையத்தில் இரண்டு விதமான பிரதிகள் இருக்கின்றனவே?

பதில்: 1969இல் வந்த ஆர்மேனியப் பிரதியே பராஜனோவின் எடிட்டிங்குக்கு நெருக்கமானது. சோவியத் திரையிடலுக்காக இயக்குநர் செர்கேய் யுத்கேவிச் அதை வெட்டி, வரிசை மாற்றினார். அவர் வெட்டிய பிரதி சில நிமிடங்கள் குறைவு. அதில் டைட்டில் கார்டுகள் ரஷ்ய மொழியில் இருக்கும். திரையில் ஆர்மேனிய எழுத்து வந்தால் நீங்கள் தேடும் பிரதி அதுதான். 2014இல் புதுப்பித்து கான் திரைப்பட விழாவில் காட்டியதும் அதையே. நிறத்துக்காகவாவது அதைப் பாருங்கள். மங்கிய பிரதியில் சிவப்பு பழுப்பாகிவிட்டால் இந்தப் படத்தில் மிச்சம் என்ன இருக்கிறது?

கேள்வி: பராஜனோவ் சிறையில் பால்புட்டி மூடியில் செய்த பதக்கங்களை எங்கள் ஓவிய வகுப்பில் செய்யலாமா?

பதில்: தாராளமாக. 1973 டிசம்பரில் கைதாகி நான்கு ஆண்டுகள் சிறையில் இருந்தார். கேமரா இல்லை, கையில் கிடைத்த அலுமினிய மூடிகளில் ஆணியாலும் நகத்தாலும் முகங்களைக் கீறினார். அவற்றில் ஒன்றைப் பின்னர் வெள்ளியில் வார்த்தார்கள்.

நீங்கள் மூடியை நான்காக மடித்த துணிமேல் கவிழ்த்து வையுங்கள். வெறும் மேசையில் வைத்தால் தகடு குழியாது. கூர் ஆணி கிழித்துவிடும்; தீர்ந்துபோன பால்பாயிண்ட் பேனா நல்லது. பின்பக்கத்திலிருந்து அழுத்தினால் முன்பக்கம் முகம் புடைத்து வரும். இடவலம் மாறும் என்பதால் எழுத்துகளைத் திருப்பி எழுதுங்கள். முடிந்ததும் பின்குழியில் உருக்கிய மெழுகை நிரப்புங்கள், இல்லையென்றால் விரல் பட்டதும் நசுங்கும். மெழுகு ஊற்றும் வேலையை மட்டும் ஆசிரியர் செய்யட்டும்.